காதுக்குச் சொன்னதும் கண்ணுக்குக் காட்டியதும்

தொலைக்காட்சிச் செய்தியைத் திறனாய்வுக்கு எடுத்துக்கொள்வது நம் ஏடுகளில் பெருவழக்கன்று. காவியத்துக்கும் கவிதைக்கும் ஒதுக்கும் பக்கங்களை, மாலையில் தோன்றி இரவுக்குள் மறைந்துவிடும் ஒன்றுக்கு ஏன் தரவேண்டும் என வாசகர் வினவலாம். நியாயமான வினாவே. ஆயினும் ஒரு நாட்டு மக்கள் ஒரு கொடிய நோயைப்பற்றி அறிந்தவற்றுள் பெரும்பகுதி அந்தக் கண்ணாடிப் பெட்டியின் வழியே வந்தது என்னும்போது, அப்பெட்டி பேசிய மொழியை ஆராய்வதும் இலக்கியப் பணியே. எய்ட்ஸ் நோய் வெளிப்பட்ட 1981 முதல் சில ஆண்டுகள் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் அந்த நிலைமைதான் இருந்தது. மருத்துவர்களுக்கே அரைகுறையாகத் தெரிந்திருந்த ஒரு பிணியைப்பற்றி, சமையற்கட்டிலும் கூடத்திலும் இருந்த மக்களுக்குப் பாடம் நடத்தும் பொறுப்பு செய்தியாளர் தலையில் விழுந்தது. அப்பாடத்தை அவர்கள் எவ்வாறு நடத்தினர்?

அந்நாளைய ஒளிபரப்புகள் சிலவற்றை இன்று யாரும் தேடிப் பார்க்க முடிகிறது. நான் அவற்றை இருமுறை பார்த்தேன். முதன்முறை ஒலியோடு, மறுமுறை ஒலியை நிறுத்திவிட்டு. ஒலியோடு பார்த்தபோது பல இடங்களில் குறை கூற வாய் வரவில்லை. தொட்டால் பரவாது, ஒன்றாக உண்டால் பரவாது என்றெல்லாம் சொல்லத்தான் செய்தார்கள். ஒலியின்றிப் பார்த்தபோதோ கையுறைகளும் முகக்கவசங்களும் இரத்தக் குப்பிகளும் மெலிந்த உடல்களுமே எஞ்சின. காதுக்கு ஒன்றைச் சொல்லிக் கண்ணுக்கு வேறொன்றைக் காட்டியிருக்கிறார்கள். அடுப்படிக்கும் கூடத்துக்குமாக நடந்தபடியே செய்தி பார்க்கும் ஓர் உம்மாவின் நெஞ்சில் இவ்விரண்டில் எது தங்கியிருக்கும்? சொல்லைக் கேட்க நின்று நிதானிக்க வேண்டும். படமோ நடந்துபோகிறவரையும் பற்றிக்கொள்ளும்.

தொடக்கத்துக்கு வருவோம். 1981 ஜூன் 5ஆம் நாள் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் வார அறிக்கையில், லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் ஐந்து இளைஞர்களுக்கு அரியதொரு நுரையீரல் அழற்சி கண்டிருப்பதாக ஒரு குறிப்பு வந்தது. ஒரு மாதம் கழித்து ஜூலை 3ஆம் நாள், தன்பால் ஈர்ப்புடைய ஆடவர் 41 பேரிடம் அரியவகைப் புற்றுநோய் காணப்பட்டதை நியூயார்க் டைம்ஸ் நாளேடு உட்பக்கத்தில் வெளியிட்டது. நாடு முழுவதும் பார்க்கும் மாலைச் செய்திகளில் இந்நோய்க்கு இடம் கிடைக்க மேலும் ஏறத்தாழ ஓராண்டு ஆயிற்று. 1982 ஜூன் 17ஆம் நாள் என்.பி.சி. நிறுவனத்தின் மாலைச் செய்தியில் டாம் புரோக்கா முன்னுரை கூற, ராபர்ட் பஸல் தொகுத்தளித்த செய்தி அத்தகைய முதல் முயற்சிகளுள் ஒன்றாகக் குறிப்பிடப்படுகிறது. பஸல் இந்நோயை விடாது பின்தொடர்ந்த ஒரு சில செய்தியாளருள் ஒருவர் என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் அம்முன்னுரையின் இலக்கணத்தைச் சற்றே நோக்குக. தன்பால் ஈர்ப்புடைய ஆடவர் சிலரின் வாழ்க்கைமுறை ஒரு கொள்ளைநோயைத் தூண்டிவிட்டது என்பது அதன் சாரம். வாக்கியத்தின் எழுவாயாக நிற்பது கிருமியன்று, ஒரு கூட்டத்தாரின் வாழ்க்கை. நோயால் தாக்குண்டவர்களே நோயைச் செய்தவர்களாக அவ்வாக்கியத்தில் மாறிப்போனார்கள்.

கிருமி அப்போது கண்டுபிடிக்கப்படவில்லை என்று அவர்கள் சார்பில் வாதிடலாம். உண்மைதான். பாரிஸ் நகரின் பாஸ்டர் ஆய்வு நிலையத்தில் பிரான்சுவா பாரே-சினூசியும் லுக் மோன்தாஞியேவும் அதைக் கண்டறிந்தது 1983இல்தான். ஆயினும் 1982ஆம் ஆண்டு முடிவதற்குள்ளாகவே, இரத்தம் உறையாக் குறைபாடு உடையவர்கள், பிறர் இரத்தம் ஏற்றப்பட்ட பச்சிளங்குழந்தை எனப் பலரிடமும் நோய் காணப்பட்டதாக அறிக்கைகள் வந்துவிட்டன. அறிவு வளர்ந்தது, வாக்கியம் வளரவில்லை. முதற்செய்தி அமைத்துக் கொடுத்த எழுவாயே பல்லாண்டு நிலைத்துவிட்டது. எதற்கு அஞ்சவேண்டும் என்று அறியுமுன்னரே யாருக்கு அஞ்சவேண்டும் என்பதை மக்கள் கற்றுக்கொண்டனர்.

அடுத்த குறை நுட்பமானது. அதைக் குறையென்று சொல்ல நம் போன்ற குடும்பங்களில் வளர்ந்தவர்களுக்குத் தயக்கமாகவே இருக்கும். ஏனெனில் அது நாணத்திலிருந்து பிறந்தது. தாத்தாவும் பேத்தியும் ஒரே பாயில் அமர்ந்து பார்க்கும் வேளையில் சில சொற்களைச் சொல்லலாகாது என்ற கட்டுப்பாடு அமெரிக்கத் தொலைக்காட்சிக்கும் அக்காலத்தில் இருந்தது. ஆகவே நோய் 'உடல் நீர்மங்களால்' பரவும், 'நெருங்கிய தொடர்பால்' பரவும் என்று செய்தியாளர்கள் மங்கலமாகச் சொல்லிவைத்தார்கள். கேட்பவருக்கு இதனால் என்ன தெளிவு பிறக்கும்? வியர்வையும் உடல் நீர்மமே. கண்ணீரும் எச்சிலும் உடல் நீர்மமே. அடுத்த வீட்டுக்காரரோடு தோளுரசி அமர்வதும் நெருங்கிய தொடர்புதான். இரத்தம், விந்து, பெண்ணுறுப்பின் கசிவு, தாய்ப்பால் ஆகியவற்றை நேராகச் சொல்லியிருந்தால் முடிந்திருக்கும் செய்தி, நாணத்தின் பொருட்டு மூடிச் சொல்லப்பட்டதால் தண்ணீர்க் குவளைக்கும் கதவுப் பிடிக்கும் நீச்சற்குளத்துக்கும் அஞ்சவேண்டிய செய்தியாக உருமாறிற்று. ஆணுறை விளம்பரங்களை அந்நாட்டின் மூன்று பெரும் ஒளிபரப்பு நிறுவனங்களும் ஏற்க மறுத்து வந்தன. அதே நிறுவனங்களின் இரவுத் தொடர்களில் காமத்துக்குப் பஞ்சமில்லை என்பது வேறு கதை.

இந்த மயக்கம் எவ்வளவு கேடு விளைத்தது என்பதற்கு 1983ஆம் ஆண்டு மே மாதம் சான்று. நோயுற்ற குழந்தைகளைப்பற்றிய ஆய்வொன்று அமெரிக்க மருத்துவக் கழகத்தின் இதழில் வந்தது. வீட்டுக்குள் அன்றாடம் பழகுவதாலும் நோய் தொற்றக்கூடுமோ என்ற ஐயத்தை அதனோடு வெளிவந்த தலையங்கம் எழுப்பிற்று. 'கூடுமோ' என்ற ஐயம் செய்தி நிறுவனங்களின் கைக்கு வந்ததும் அதன் ஓகாரம் உதிர்ந்துபோயிற்று. அக்குழந்தைகள் கருவிலோ பிறப்பிலோ தாயிடமிருந்து நோயைப் பெற்றிருந்தனர் என்பதே உண்மை. அவ்வுண்மை பின்னர் சொல்லப்படாமல் இல்லை. ஆனால் அச்சத்தை அறிவித்த குரலின் உரப்பு திருத்தத்தை அறிவித்த குரலுக்கு இல்லை. சில வாரங்களில் சான்பிரான்சிஸ்கோ காவலர்களுக்குக் கையுறையும் முகக்கவசமும் வழங்கப்பட்டன. அவற்றை அணிந்து பார்க்கும் காவலரின் படம் ஊரெங்கும் பரவிற்று. தேவையில்லாத பாதுகாப்பு அது என்று எத்தனை மருத்துவர் எடுத்துரைத்தாலும், கவசம் பூண்ட காவலரைக் கண்டவர் கண்ணை எப்படித் திருத்துவது?

இன்னொன்றும் நடந்தது. நோயாளிகளை நிகழ்ச்சிக்கு அழைத்துவிட்டு, அவர்கள் சட்டையில் ஒலிவாங்கியைக் குத்துவதற்கு நிலையத்தின் தொழில்நுட்பப் பணியாளர்கள் மறுத்த செய்திகள் அமெரிக்காவில் பதிவாகியுள்ளன. 'பழகினால் ஒட்டாது' என்று உலகுக்கு உரைக்க வந்த நிகழ்ச்சியில், அதை உருவாக்கியவர்களே ஒட்டிவிடும் என்று நம்பினார்கள்! பார்வையாளருக்கு இது காட்டப்படவில்லை. காட்டியிருந்தால் அதைவிடச் சிறந்த பாடம் வேறில்லை என்று எண்ணுகிறேன். தன் அறையில் நடந்ததையே செய்தியாக்கும் துணிவு செய்தித்தொழிலில் அரிது.

1985 ஜூலை 25ஆம் நாள், திரைப்பட நடிகர் ராக் ஹட்சன் எய்ட்ஸ் நோயுற்றிருப்பதாகப் பாரிஸில் அறிவிக்கப்பட்டது. அக்டோபர் 2ஆம் நாள் அவர் இறந்தார். அதன்பின் தொலைக்காட்சியில் இந்நோய்க்குப் பஞ்சமில்லாமற் போயிற்று. அந்நேரத்துக்குள் ஏறத்தாழ 12,000 அமெரிக்கர் இறந்திருந்தனர் அல்லது இறந்துகொண்டிருந்தனர் என்று, இவ்வரலாற்றை 1987இல் நூலாக எழுதிய செய்தியாளர் ராண்டி ஷில்ட்ஸ் கணக்கிட்டிருக்கிறார். பன்னிரண்டாயிரம் முகங்கள் பெறாத நேரத்தை ஒரு முகம் பெற்றது. தொலைக்காட்சிக்கு முகம் வேண்டும். அறிமுகமான முகமாயின் இன்னும் நன்று. அதன் இயல்பு அது. இயல்பைக் குறை சொல்லிப் பயனில்லை என்பர். நான் உடன்படவில்லை. முகத்தைத் தேடும் பசியே பின்னர் ஒரு மனிதனைக் கொடியவனாக்கவும் காரணமாயிற்று.

அவன் கனடா நாட்டவன், விமானத்தில் பணிபுரிந்தவன், 1984இல் இறந்தவன். அவன் பெயரை உலகமே சொல்லித் தீர்த்துவிட்டது, இங்கும் எழுத வேண்டியதில்லை. நோய் ஒருவரிடமிருந்து ஒருவருக்குச் செல்லும் வழியை ஆராய்ந்தவர்கள், கலிபோர்னியாவுக்கு வெளியே இருந்து வந்தவன் என்பதைக் குறிக்க அவனுக்கு ஆங்கில எழுத்து 'ஓ'வை அடையாளமாக இட்டிருந்தனர். அவ்வெழுத்தைப் பிறர் சுழியம் என்று படித்தனர். சுழியம் என்றால் தொடக்கம் அல்லவா? நோயை அமெரிக்காவுக்குக் கொண்டுவந்தவனே அவன்தான் என்ற கதை ஷில்ட்ஸின் நூலை ஒட்டிப் பரவிற்று, 1987இல் சி.பி.எஸ். நிறுவனத்தின் '60 மினிட்ஸ்' நிகழ்ச்சியும் அதைக் கையாண்டது. அவன் இரத்த மாதிரியையும் பழைய மாதிரிகள் பலவற்றையும் மரபணு முறையில் ஒப்பிட்டு, அவன் தொடக்கம் அல்லன், நியூயார்க்கில் அக்கிருமி ஏறத்தாழ 1970இலேயே பரவத் தொடங்கிவிட்டது என்று ஆய்வாளர்கள் நிறுவியது 2016இல். அவன் இறந்து முப்பத்திரண்டு ஆண்டுகளுக்குப் பின்! ஓர் எழுத்தைத் தவறாகப் படித்ததால் ஒரு மனிதன் மீது ஏறிய பழியை, ஏட்டுச்சுவடிகளில் பாடபேதம் தேடிப் பழகிய நம் தமிழறிஞர்கள் நன்கு உணர்வார்கள்.

1986 மார்ச்சில் பொது ஒளிபரப்பில் 'பிரண்ட்லைன்' தொடரில் வந்த ஒரு படத்தையும் குறிப்பிட வேண்டும். நோயுற்ற ஓர் இளைஞனை மின்னியாபொலிஸ் நகரப் படக்குழு ஒன்று ஊர் ஊராகப் பின்தொடர்ந்தது. குடும்பம் அவனை ஏற்கவில்லை; ஓர் ஊரார் அவன் கையில் ஒருவழிப் பயணச்சீட்டைக் கொடுத்து வேற்றூருக்கு அனுப்பிவைத்தனர். அவன் பிழைப்புக்காக உடலை விற்றுக்கொண்டிருந்தான். படக்குழு அவன் உணவுக்கும் தங்கலுக்கும் சிறு பணம் கொடுத்தபடி படம் பிடித்தது. ஒரு துயரத்தைப் பதிவு செய்ய அத்துயரத்துக்குக் கூலி கொடுக்கலாமா என்று அன்றே பெரும் சர்ச்சை எழுந்தது. பதிவு செய்யாதிருந்திருந்தால் அந்த ஒருவழிச் சீட்டின் கொடுமை எவருக்கும் தெரியாமற் போயிருக்கும் என்றாரும் உண்டு. இரு தரப்பிலும் உண்மை இருக்கிறது. எனினும் படம் பார்த்தோர் பலர் மனத்தில் தங்கியது ஊராரின் கொடுமையன்று, நோயைச் சுமந்து திரியும் ஒருவன் என்ற திகில். இங்கேயும் கண்ணே வென்றது.

பிரிட்டனுக்குச் செல்வோம். அங்கே பி.பி.சி. 1983 ஏப்ரலிலேயே 'ஹொரைசன்' தொடரில் நியூயார்க் நிலைமையை ஒரு முழுப் படமாகக் காட்டிவிட்டது. அரசு விழித்துக்கொள்ள மேலும் மூன்றாண்டுகள் ஆயின. நலத்துறை அமைச்சர் நார்மன் பவுலர் பெருமுயற்சி எடுத்தார். வீடுவீடாகச் செல்லும் பிரசுரத்தில் எவ்வளவு வெளிப்படையாக எழுதலாம் என்பதில் அமைச்சரவைக்குள் இழுபறி இருந்தது. ஆபத்தான பழக்கங்களை விவரித்தால், அவற்றை அறியாத இளையோர் உள்ளம் கெடுமே என்று பிரதமர் மார்கரெட் தாட்சர் கவலைப்பட்டதைப் பிற்காலத்தில் வெளியிடப்பட்ட அரசு ஆவணங்கள் காட்டுகின்றன. அக்கவலையை எள்ளி நகையாட எனக்கு மனம் வரவில்லை. பிள்ளை பெற்ற எந்தத் தாய்க்கும் தந்தைக்கும் அக்கவலை உண்டு. ஆனால் தெரியாமலிருப்பதால் தீமை அணுகாது என்ற நம்பிக்கை எய்ட்ஸ் விஷயத்தில் பொய்த்துப்போனது.

1987 ஜனவரியில் 'அறியாமையால் மடியாதீர்' என்ற அந்தப் பிரசுரம் ஏறத்தாழ 230 லட்சம் வீடுகளுக்கு அனுப்பப்பட்டது. அதையொட்டி வந்த தொலைக்காட்சி விளம்பரம் இன்றும் பேசப்படுகிறது. இயக்கியவர் நிக்கலஸ் ரோக்; குரல் கொடுத்தவர் நடிகர் ஜான் ஹர்ட். எரிமலை வெடிக்கிறது. பாறை பிளக்கிறது. உளியின் ஒலி. ஒரு கருங்கல்லில் நோயின் பெயர் செதுக்கப்படுகிறது. நாம் மீஸான் கல் என்று சொல்வோமே, அதுபோன்ற கல். அதன்மேல் பிரசுரமும் வெண்மலர்களும் விழுகின்றன. வேறொரு விளம்பரத்தில் பனிமலையின் முகடு தெரிகிறது. நீருக்கடியில் அந்தப் பெயர் பேருருவாக நிற்கிறது.

கலையென்று பார்த்தால் வலிமையான வேலைதான். ஆனால் அதில் மனிதன் ஒருவன்கூட இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். உடலுறவின் மூலம் பரவும், ஆணோ பெண்ணோ யாருக்கும் வரலாம் என்று குரல் சொல்கிறது. எப்படித் தப்புவது? பிரசுரம் வரும், படித்துக்கொள்க என்கிறது. தொலைக்காட்சிக்கு அச்சம், தாளுக்கு அறிவு என்று பாகம் பிரித்துக் கொடுத்துவிட்டார்கள். கூடத்தில் எல்லாரும் சேர்ந்து அஞ்சலாம். தனியறையில் அவரவர் படித்துக் கொள்ளலாம் என்ற ஏற்பாடு போலும்! படிக்கத் தெரியாதவர், படிக்கச் சோம்பியவர் கையில் எஞ்சியது கல் மட்டுமே. அந்நாட்டில் நோய் அஞ்சிய அளவுக்குப் பரவவில்லை என்பதை இவ்விளம்பரத்தின் வெற்றியாகச் சொல்வோர் உள்ளனர். ஊசிவழிப் போதைப்பழக்கம் உள்ளவர்களுக்குத் தூய ஊசி கொடுக்கும் ஏற்பாடும் அதே காலத்தில் தொடங்கிற்று. நோயால் பாதிக்கப்பட்டோர் தாமே அமைத்துக்கொண்ட சங்கங்கள் அதற்கு முன்பிருந்தே உழைத்து வந்தன. கல்லுக்கு மட்டும் அந்தப் புகழைச் சூட்டுவது நேர்மையாகாது.

அதே ஆண்டு ஏப்ரலில் ஆஸ்திரேலியா இன்னும் ஒரு படி மேலே சென்றது. கறுப்பு அங்கி தரித்த மரணம் பந்து உருட்டுகிறது. பெண்டிரும் குழந்தைகளும் ஆட்டக்காய்களாக வரிசையில் நின்று சரிகிறார்கள். யாருக்கும் வரலாம் என்பதே அதன் நோக்கம். நடந்ததோ வேறு. ஆபத்தே இல்லாதவர்கள் அஞ்சியோடி வந்து பரிசோதனை நிலையங்களை நிறைத்தனர். அந்தக் கறுப்பு உருவமே நோயாளிகளின் சின்னமெனப் பலர் எண்ணிக்கொண்டனர். மரணம் என்று காட்டப்பட்டதை 'அவர்கள்' என்று பொருள்கொண்டனர் மக்கள். இதற்குமேல் அவ்விளம்பரத்தைப்பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

அச்சமூட்டாமல், மூடி மறைக்காமல் பேசியவர் எவரும் இல்லையா என்றால், ஒருவர் இருந்தார். எதிர்பாராத இடத்திலிருந்து வந்தார். அமெரிக்க அரசின் தலைமை மருத்துவ அலுவலரான எவரெட் கூப் ஆழ்ந்த கிறித்தவப் பற்றுடையவர். கருக்கலைப்பைக் கடுமையாக எதிர்த்தவர். அவரிடம் அறிக்கை கேட்டவர்கள் ஓர் ஒழுக்க உபதேசத்தை எதிர்பார்த்திருக்கக் கூடும். 1986 அக்டோபரில் அவர் வெளியிட்டதோ நேரடியான மருத்துவ விளக்கம். மணவுறவுக்குள் நிற்பதே மேலென்று சொன்னார். அவ்வாறு நில்லாதவர்க்கு ஆணுறையைச் சொன்னார். பள்ளிப் பிள்ளைகளுக்கு இளவயதிலேயே கற்பிக்கவேண்டும் என்றார். தாம் சமய உபதேசியாகவன்று, மருத்துவராகவே இப்பதவியில் அமர்ந்திருப்பதாக அவர் பலமுறை கூறினார். 1988இல் அவர் பெயரால் 1070 லட்சம் இல்லங்களுக்கு ஒரு பிரசுரம் சென்றது. தாடியும் சீருடையுமாகத் தொலைக்காட்சியில் தோன்றி, பிறர் சொல்லக் கூசிய சொற்களை அந்தப் பெரியவர் சொன்னபோது அவை ஆபாசமாக ஒலிக்கவில்லை. சொல்லின் கண்ணியம் சொல்பவரின் நோக்கத்தில் இருக்கிறது. நம் வீடுகளிலும் இது புதிதன்று. குளிப்பு, துடக்கு பற்றிய மார்க்கச் சட்டங்களைப் பெண்பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுக்கும் முதுபெண்டிர் எதையும் மூடிச் சொல்வதில்லை. அவர்களை நாணமற்றவர் என்று எவரும் சொன்னதுமில்லை.

பெரு நிறுவனங்கள் பிரபலங்களின் மரணத்துக்குக் காத்திருந்த காலத்தில், சான்பிரான்சிஸ்கோவின் கே.பி.ஐ.எக்ஸ். என்ற உள்ளூர் நிலையம் வேறு வழியில் நடந்தது. அங்கே செய்தியாளர் ஜிம் பன்னும் அவர் தோழரும் 'எய்ட்ஸ் லைப்லைன்' என்ற தொடர் முயற்சியைத் தொடங்கினர். செய்தியோடு அறிவுரையும் கலந்த அந்நிகழ்ச்சிகள் நாட்டின் பிற நிலையங்களுக்கும் சென்றன; ஒளிபரப்புத் துறையின் உயரிய பீபடி விருதையும் பெற்றன. அதன் சிறப்பு யாதென்றால், அந்நிலையத்தின் பார்வையாளர்களே நோயாளிகள், நோயாளிகளின் அயலார். தொலைவில் உள்ளவனைக் காட்டி அச்சுறுத்தலாம். பக்கத்து வீட்டுக்காரனைப்பற்றி அவன் கேட்கவே பேசும்போது நாவை அடக்கிப் பேசத்தான் வேண்டும். பின்னர் பன் உலக நல நிறுவனத்தில் பணியேற்றபோது, தாமஸ் நெட்டர் என்பவரோடு சேர்ந்து உலக எய்ட்ஸ் நாளை முன்மொழிந்தார். டிசம்பர் 1ஐத் தேர்ந்தது எதற்காக என்று நினைக்கிறீர்கள்? 1988ஆம் ஆண்டின் அமெரிக்கத் தேர்தல் ஆரவாரம் ஓய்ந்து, கிறிஸ்துமஸ் கொண்டாட்டம் தொடங்குமுன் செய்தியாளர்களுக்கு வேறு செய்தி இராத இடைவெளி அது! செய்திப் பெட்டியின் பசியை உள்ளிருந்து அறிந்த ஒருவர் அப்பசியையே நற்பணிக்குத் திருப்பியிருக்கிறார். அச்சத்தைக் காட்டிக் கூட்டம் சேர்த்தவர்களைவிட இவர் தந்திரசாலி.

நம் மொழியிலும் இதற்கோர் அத்தியாயம் உண்டு. இந்தியாவில் இந்நோய்க் கிருமி முதன்முதலாக அறியப்பட்டது சென்னையில். 1986இல் டாக்டர் சுனிதி சாலமனின் வழிகாட்டலில் அவர் மாணவி டாக்டர் நிர்மலா, அரசுக் காப்பகத்தில் இருந்த பெண்களின் இரத்த மாதிரிகளைச் சேகரித்து வேலூரில் சோதித்தபோது ஆறு பேரிடம் அது காணப்பட்டது. அப்பெண்களுட் சிலர் காலம் முடிந்தும் விடுவிக்கப்படவில்லை; நீதிமன்றத்தை நாடிய பின்னரே வெளியே வர முடிந்தது. அதன்பின் நம் வானொலியிலும் தொலைக்காட்சியிலும் நாளேடுகளிலும் எய்ட்ஸ் என்ற சொல் தனித்து வந்ததே இல்லை எனலாம். 'உயிர்க்கொல்லி' என்ற அடைமொழியோடுதான் வந்தது. 'ஆட்கொல்லி' என்றும் வந்தது. வளைகுடா நாடுகளுக்கு வேலைக்குச் செல்வோரின் மருத்துவச் சோதனையில் இக்கிருமிக்கான பரிசோதனையும் ஒன்று. நம் குடும்பங்கள் பலவற்றில் இந்நோயின் பெயர் நுழைந்ததே அந்தச் சான்றிதழ் வழியாக இருக்கக்கூடும். சோதனையில் தவறித் திரும்பிய ஒரு மகனின் காதில், இரவுச் செய்தியின் அந்த அடைமொழி எவ்வாறு விழுந்திருக்கும்? 1996 முதல் கூட்டு மருந்துகள் வந்தன. இன்று முறையாக மருந்துண்போர் பிறரைப்போல் நெடுங்காலம் வாழ்கின்றனர். கிருமியின் அளவு சோதனையில் தென்படாத நிலைக்குக் குறைந்தவர்களிடமிருந்து உடலுறவின் மூலமும் நோய் பரவுவதில்லை. பொருள் மாறிய பின்னும் அடைமொழி மாறவில்லை. இன்றும் கண்ணில் படுகிறது.

இனி அந்தக் கைகளைப்பற்றி. இண்டியானா மாநிலத்தின் கோகோமோ நகரச் சிறுவன் ரயன் வைட், இரத்தம் உறையாக் குறைபாட்டுக்கான மருந்தின் வழியே நோயுற்றவன். 1985இல் அவனைப் பள்ளிக்கு வரக்கூடாதென்று தடுத்தனர். தொலைபேசி வழியாகப் பாடம் கேட்டான். தேவாலயத்தில்கூடத் தன் கையை யாரும் பற்றவில்லை என்று 1988இல் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் அமைத்த ஆணையத்தின் முன் அவன் சொன்னான். பெருநாள் தொழுகை முடிந்து முஸாபஹாவுக்கு நீட்டிய கையை ஒருவர் பற்றாமல் விடுவதன் பொருளை நமக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை. 1987இல் குடும்பம் சிசரோ என்ற சிற்றூருக்குக் குடிபெயர்ந்தது. அங்கே பள்ளி திறக்குமுன்பே மாணவர்களுக்கு இந்நோய் பற்றிக் கற்பித்திருந்தனர். முதல்நாள் பள்ளித் தலைவரும் மாணவரும் வாயிலில் நின்று அவன் கையைப் பற்றிக் குலுக்கினர். 1990 ஏப்ரலில் தன் பதினெட்டாம் வயதில் அவன் இறந்தான்.

அதே 1987ஆம் ஆண்டு ஏப்ரல் 9ஆம் நாள், லண்டன் மிடில்செக்ஸ் மருத்துவமனையில் எய்ட்ஸ் நோயாளிகளுக்கான பிரிவைத் திறந்துவைக்க இளவரசி டயானா வந்தார். கையுறை அணியாமல் ஒரு நோயாளியின் கையைப் பற்றினார். தொலைக்காட்சிச் செய்திகள் அதைக் காட்டின. ஒலியை நிறுத்திவிட்டுப் பார்த்தாலும் முழுமையாக விளங்கிய செய்தி அந்த ஆண்டுகளில் எனக்குத் தெரிந்து அது ஒன்றுதான். கல்லும் பனிமலையும் பல நூறாயிரம் பவுன் செலவில் சொல்லாததை உறையில்லாத ஒரு கை சொன்னது. ஆயினும் அந்தப் படத்தை இன்னொரு முறை உற்றுப் பார்க்க வேண்டும். பிரிவிலிருந்த நோயாளிகளுள் ஒருவர் மட்டுமே படம் எடுக்க இசைந்தார். அதுவும் தம் முகம் தெரியலாகாது என்ற நிபந்தனையோடு. படத்தில் இளவரசியின் முகம் தெளிவாகத் தெரிகிறது. அவர் கையைப் பற்றியிருப்பவரின் முதுகுதான் நமக்குத் தெரிகிறது.